பேராயர் வே. ச. அசரியாவும் குருத்துவம் குறித்த திருச்சபை விவாதமும்

முன்னுரை

ஒருவரைக் குருவாக நிலைப்படுத்தும் அதிகாரம் யாருக்கு உரியது என்பது ஆங்கிலிக்கன் இறையியலில் நெடுங்காலமாக விவாதிக்கப்பட்டு வரும் வினாவாகும். அப்போஸ்தலர் காலந்தொட்டுத் தொடர்வதாகக் கருதப்படும் வரிசையில் வந்த பேராயர், கைகளை வைத்து அளிக்கும் திருநிலையே முறையானது என்பது அச்சபையின் மரபு. பேராயர் இல்லாத சபைகளின் குருமாரை எவ்வாறு மதிப்பது என்ற சிக்கல் இம்மரபிலிருந்தே எழுகிறது. இந்தியரான முதல் ஆங்கிலிக்கன் பேராயர் வேதநாயகம் சாமுவேல் அசரியாவின் வாழ்க்கை இவ்விவாதத்தோடு பிணைந்த வகையினை இக்கட்டுரை ஆராய்கிறது.

இளமையும் பொதுப்பணியும்

அசரியா 1874ஆம் ஆண்டு ஆகஸ்டு 17ஆம் நாள் வெள்ளாளன்விளையில் நாடார் குடும்பத்தில் பிறந்தார். தந்தை தாமஸ் வேதநாயகம் அவ்வூர்க் குருவானவர். சென்னைக் கிறித்தவக் கல்லூரியில் பயின்ற அசரியா பட்டம் பெறாமலேயே வெளியேறினார். 1895 முதல் இளைஞர் கிறித்தவ சங்கத்தின் செயலராகப் பணியாற்றினார். அச்சங்கம் எந்த ஒரு சபைப் பிரிவையும் சார்ந்ததன்று. எனவே, பிரிவுகளைக் கடந்த நட்பு அவருக்கு இயல்பாயிற்று. யாழ்ப்பாணப் பயணத்தில் அங்குள்ள தமிழ்க் கிறித்தவர் தாமே நற்செய்திப் பணியாளரை அனுப்பி வந்ததைக் கண்டார். அதன் விளைவாக 1903இல் திருநெல்வேலி இந்திய மிஷனரி சங்கம் உருவாயிற்று. அச்சங்கம் தெலுங்கு வழங்கும் தோர்ணக்கல் பகுதியைத் தன் பணிக்களமாகக் கொண்டது.

பேராயர் நியமனம்

குருவின் மகனாக இருந்தும், அசரியா தமது 35ஆம் வயதளவில், 1909இல்தான் குருத்துவத் திருநிலை பெற்றார். 1910இல் எடின்பரோவில் நடைபெற்ற உலக மிஷனரி மாநாட்டில், ஐரோப்பிய மிஷனரிகளுக்கும் இந்தியப் பணியாளருக்கும் இடையே உண்மையான நட்பு இல்லாமையைச் சுட்டிப் பேசினார். அவ்வுரை பலருக்கு மனவருத்தம் அளித்தது. எனினும் சென்னைப் பேராயர் ஹென்றி ஒயிட்ஹெட் அவரைப் பேராயராக்க முயன்றார். இந்தியர் ஒருவரின் தலைமையின்கீழ் ஐரோப்பியர் பணியாற்றுவதா என்ற தயக்கம் மிஷனரிகளிடையே நிலவியது. சாதியுணர்வின் காரணமாக இந்தியக் கிறித்தவரிடமிருந்தும் எதிர்ப்பு எழுந்தது. இவற்றைக் கடந்து 1912ஆம் ஆண்டு டிசம்பர் 29ஆம் நாள் கல்கத்தா தூய பவுல் பேராலயத்தில் தோர்ணக்கல் பேராயராக அவர் அருட்பொழிவு பெற்றார். திருநிலை குறித்த விவாதத்தில் கோட்பாட்டோடு இனமும் சாதியும் கலந்திருந்தமையை இந்நிகழ்வு புலப்படுத்துகிறது.

தரங்கம்பாடி முதல் ஒன்றிப்புத் திட்டம் வரை

தோர்ணக்கல் திருமண்டலத்தில் திருமுழுக்குப் பெற்றோரில் பெரும்பாலோர் ஒடுக்கப்பட்ட சாதியினர். பல சாதிகளாகப் பிரிந்த மக்களிடம் பல சபைகளாகப் பிரிந்த கிறித்தவத்தைக் கொண்டுசெல்வது அசரியாவுக்கு முரணாகத் தோன்றியது. 1919 மே மாதத்தில் தரங்கம்பாடியில் ஆங்கிலிக்கன் சபையினரும் தென்னிந்திய ஐக்கிய சபையினரும் கூடினர். திருமறை, விசுவாச அறிக்கைகள், திருமுழுக்கும் திருவிருந்தும், வரலாற்றுவழிப் பேராயர் பதவி ஆகிய நான்கும் ஒன்றிப்பின் அடிப்படையாக ஏற்கப்பட்டன. பேராயர் பதவியை ஏற்க வேண்டும். அது குறித்த ஒரே விளக்கத்தை ஏற்கவேண்டியதில்லை என்பது அங்குக் காணப்பட்ட நடுவழியாகும்.

மறுதிருநிலை பற்றிய சிக்கலோ எளிதில் தீரவில்லை. பிற சபைக் குருமாருக்கு மீண்டும் திருநிலை அளித்தால், அவர்கள் அதுவரை ஆற்றிய திருப்பணி குறையுடையது என்றாகும். அளிக்காவிட்டால் ஆங்கிலிக்கன் மரபு முறியும். ஒன்றிணையும் சபைகளின் குருமாரை அவ்வாறே ஏற்பது, இனிவரும் திருநிலைகளைப் பேராயர் வழியாகவே அளிப்பது என 1929இல் வெளியான திட்டம் தீர்வு கண்டது. விரும்பாத சபையின்மீது பேராயர் திருநிலை பெறாத குருவைச் சுமத்துவதில்லை என்ற உறுதியும் பின்னர்த் தரப்பட்டது. இங்கிலாந்தின் ஆங்கிலோ-கத்தோலிக்கர் இத்திட்டத்தைக் கடுமையாக எதிர்த்தனர். கவிஞர் டி. எஸ். எலியட் 1943இல் இதனை மறுத்துத் தனிநூலே எழுதினார். அசரியாவோ பேராயர் பதவியைத் துறக்கவும் இல்லை, அதனைத் தடைச்சுவராக்கவும் இல்லை. 1939இல் அருட்பொழிவு பெற்ற தோர்ணக்கல் பேராலயத்தின் கட்டடக்கலையிலும் இந்து, இசுலாமிய, கிறித்தவக் கூறுகளை இணைத்து, மரபைக் காத்தவாறே விரிவாக்கும் தம் நோக்கை அவர் உணர்த்தினார்.

முடிவுரை

அசரியா 1945 ஜனவரி முதல் நாள் மறைந்தார். தென்னிந்தியத் திருச்சபை 1947 செப்டம்பர் 27ஆம் நாள் சென்னைத் தூய ஜார்ஜ் பேராலயத்தில் உதயமாயிற்று. அதனைக் காண அவர் இல்லை. அவர் ஆண்ட திருமண்டலத்திலேயே நந்தியால் பகுதிச் சபைகள் பல அப்போது இணையவில்லை. 1948 லாம்பெத் மாநாடும் புதிய சபைக்கு முழு உறவை வழங்கவில்லை. ஆகவே அவர் வழி முழுவெற்றி பெற்றதெனக் கூற இயலாது. ஆயினும் பேராயரைக் கொண்ட சபைகளும் கொள்ளாத சபைகளும் ஒரே சபையாக இணைய முடியும் என்பதற்கு அவருடைய உழைப்பு முன்னோடியாயிற்று. ஒருகாலத்தில் தம் சொந்தத் தகுதியே ஐயுறப்பட்ட ஒருவர், பிறர் பெற்ற திருநிலையை ஐயுற மறுத்தார் என்பதே அவர் வாழ்க்கைவழிப் பெறப்படும் முடிபாகும்.