மனத்துயரை மறைக்காமல் எழுதிய மைசூர் ஆர்.கே.நாராயண்

கதைகளில் வரும் பைத்தியங்கள் பெரும்பாலும் இரண்டே வகை. ஒன்று, சிரிக்க வைக்கும் பைத்தியம். மற்றொன்று, பயமுறுத்தும் பைத்தியம். சினிமாவிலோ தலையில் அடிபட்டால் சித்தம் கலங்கும். மறுபடியும் அடிபட்டால் தெளிந்துவிடும்.

வெளிநாட்டுக் கதைகளும் இதற்கு விலக்கல்ல. 1847ஆம் ஆண்டு இங்கிலாந்தில் வெளிவந்த 'ஜேன் அயர்' என்ற புகழ்பெற்ற நாவலில், சித்தம் கலங்கிய மனைவியை மாடியறையில் பூட்டி வைக்கிறார் கணவர். அந்தப் பெண்ணின் மனதில் என்ன இருந்தது என்று அந்தக் கதையில் யாரும் கேட்பதில்லை.

மனத்துயரை எந்த வீட்டிலும் நடக்கக் கூடிய சங்கதியாக எழுதியவர் ஒருவர் மைசூரில் வாழ்ந்தார். அவர் தமிழர். ஆனால் ஆங்கிலத்தில் எழுதினார். உலகமெங்கும் வாசகர்களைப் பெற்ற ஆர்.கே.நாராயண்தான் அவர்.

ராசிபுரம் குடும்பம்

நாராயண் 1906ஆம் ஆண்டு அக்டோபர் 10ந் தேதி சென்னையில் பிறந்தார். முன்னோர்களின் ஊர் ராசிபுரம். பெயரின் முன்னால் உள்ள 'ஆர்' அதைத்தான் குறிக்கிறது. சிறு வயதில் புரசைவாக்கத்தில் பாட்டியிடம் வளர்ந்தார்.

தந்தை கிருஷ்ணசாமி அய்யர் மைசூரில் தலைமை ஆசிரியராக இருந்தார். அதனால் நாராயணும் மைசூருக்கு வந்தார். படிப்பில் அவர் புலி அல்ல. பல்கலைக்கழக நுழைவுத் தேர்வில் தோற்றார். ஒருவழியாக 1930ஆம் ஆண்டு மகாராஜா கல்லூரியில் பி.ஏ. முடித்தார்.

சன்னபட்டணத்தில் ஆசிரியர் வேலை கிடைத்தது. அது அவருக்கு ஒத்து வரவில்லை. உதறிவிட்டு வீடு திரும்பினார். எழுதிப் பிழைப்பது என்று முடிவு செய்தார். கையில் காசு இல்லை. சென்னையில் இருந்து வெளிவந்த 'ஜஸ்டிஸ்' பத்திரிகைக்கு மைசூர் நிருபராகச் செய்தி அனுப்பினார். அச்சான செய்தியின் நீளத்துக்கு ஏற்பத்தான் கூலி.

கோவையில் கண்ட பெண்

1933ஆம் ஆண்டு கோவையில் சகோதரியின் வீட்டுக்குப் போயிருந்தார். அங்கே தெருக் குழாயில் தண்ணீர் பிடிக்க வந்த ராஜம் என்ற பெண்ணைப் பார்த்தார். மனதைப் பறிகொடுத்தார். ஜாதகம் பொருந்தவில்லை என்று தடை எழுந்தது. அதையும் தாண்டித் திருமணம் நடந்தது. பெண் குழந்தை பிறந்தது. ஹேமா என்று பெயரிட்டார்கள்.

இதற்கிடையே 1935இல் முதல் நாவல் 'சுவாமியும் நண்பர்களும்' லண்டனில் வெளிவந்தது. கையெழுத்துப் பிரதியை ஆங்கில எழுத்தாளர் கிரகாம் கிரீன் படித்துப் பார்த்து, பதிப்பாளரையும் பிடித்துக் கொடுத்தார். மால்குடி என்ற கற்பனை ஊர் அந்த நாவலில்தான் பிறந்தது.

இருட்டறையில் ஒரு தாய்

1938இல் 'இருட்டறை' என்ற நாவல் வந்தது. சாவித்திரி என்ற குடும்பப் பெண்ணின் கதை. கணவன் இன்சூரன்ஸ் கம்பெனி அதிகாரி. அலுவலகத்துக்கு வந்த வேறொரு பெண்ணிடம் மயங்கி, வீட்டை மறக்கிறான்.

சாவித்திரி வீட்டின் இருட்டான சாமான் அறைக்குள் போய்ச் சுருண்டு படுத்துக் கொள்கிறாள். சாப்பிடுவதில்லை. பேசுவதில்லை. ஒரு நாள் இரவு வீட்டை விட்டு வெளியேறி ஆற்றில் இறங்குகிறாள். வழிப்போக்கன் ஒருவன் காப்பாற்றுகிறான். ஒரு கோவிலில் வேலை செய்து பிழைக்கப் பார்க்கிறாள். குழந்தைகளின் நினைவு அவளை வீட்டுக்கே திருப்பி அழைத்து வந்துவிடுகிறது.

இப்படிப்பட்ட பெண்ணை ஊரார் என்ன சொல்வார்கள்? கோபக்காரி, பிடிவாதக்காரி என்பார்கள். பேய் பிடித்திருக்கிறது என்றும் சொல்வார்கள். நாராயண் அப்படி எந்தப் பட்டமும் கட்டவில்லை. அந்த அறைக்குள் அவளை எது தள்ளியது என்பதை எழுதினார். அதனால்தான் படிப்பவர்களுக்குத் தங்கள் வீட்டுப் பெண்களின் நினைவு வந்தது.

பேனா நின்றது

அடுத்த ஆண்டே அவர் வீட்டிலும் இருள் சூழ்ந்தது. 1939ஆம் ஆண்டு ஜூன் மாதம் ராஜம் டைபாய்டு காய்ச்சலில் இறந்தார். நாராயணுக்கு அப்போது 32 வயது. மகளுக்கு மூன்று வயது.

அவர் நொறுங்கிப் போனார். எழுத்து ஓடவில்லை. தாயும் உடன்பிறந்தவர்களும் நிறைந்த கூட்டுக் குடும்பம்தான் அவரைத் தாங்கியது. குழந்தையைக் கவனிக்க வேண்டிய கடமை அவரை எழுந்து உட்கார வைத்தது.

நண்பர்கள் மூலம் சென்னையில் ஒரு வழக்கறிஞரின் அறிமுகம் கிடைத்தது. இறந்தவர்கள் சொல்வதைத் தம் கை எழுதும் என்று நம்பியவர் அவர். நாராயண் அவர் முன் அமர்ந்தார். மனைவியே தம்முடன் பேசுவதாக உணர்ந்தார். கொஞ்சம் கொஞ்சமாக அவர் மனம் ஆறுதல் அடைந்தது.

ஆங்கில ஆசிரியர்

ஆறு ஆண்டுகளுக்குப் பிறகு, 1945இல், 'ஆங்கில ஆசிரியர்' நாவல் வெளிவந்தது. கல்லூரி ஆசிரியர் கிருஷ்ணன், மனைவி சுசீலா, மகள் லீலா ஆகியோரின் கதை. பெயர்தான் வேறு. பெரும்பகுதி தம்முடைய சொந்த வாழ்க்கையே என்பதைத் தம் சுயசரிதையில் நாராயண் ஒப்புக் கொண்டார்.

மாத்திரை, கஞ்சி, காய்ச்சல் கணக்கு, மருத்துவரின் வருகை என்று நோயின் ஒவ்வொரு நாளும் அதில் இருக்கிறது. மரணத்துக்குப் பிறகு வரும் வெறுமையும் இருக்கிறது. குழந்தைக்குச் சோறு ஊட்டுவது, தூங்க வைப்பது, கல்லூரிக்குப் போவது என்று அன்றாட வேலைகளைப் பிடித்துக் கொண்டுதான் கிருஷ்ணன் நாட்களைக் கடக்கிறான். கடைசியில் கல்லூரி வேலையை விட்டுவிட்டு, சின்னஞ்சிறு குழந்தைகளுக்கான பள்ளிக்குப் போய்ச் சேருகிறான்.

இறந்த மனைவியுடன் பேசும் பகுதியைப் பல விமர்சகர்கள் ஏற்கவில்லை. முதல் பாதியின் உண்மை பின்பாதியில் இல்லை என்றார்கள். ஆவி உலகத்தை நம்புவதும் நம்பாததும் அவரவர் விருப்பம். ஆனால் துயரத்தில் இருந்த ஒருவர் தம் துயரத்தைச் சொல்ல ஓர் இடத்தைத் தேடினார் என்பது மட்டும் மறுக்க முடியாத உண்மை. ஆண்பிள்ளை அழக் கூடாது என்று வளர்க்கப்பட்ட நாட்டில், அழுத கதையை அவர் மறைக்காமல் எழுதினார்.

பாங்கு குமாஸ்தா ரவி

1949இல் வெளிவந்த 'மிஸ்டர் சம்பத்' நாவலில் ரவி என்ற பாத்திரம் வருகிறது. ரவிக்கு ஓவியம்தான் உயிர். ஆனால் குடும்பத்தைக் காப்பாற்ற பாங்கில் குமாஸ்தாவாக உழைக்கிறான். ஒரு முறை கண்ட பெண்ணின் முகம் அவனை விட்டு அகலவில்லை. பின்பு சினிமா கம்பெனியில் ஓவிய வேலை கிடைக்கிறது. அந்த முகச் சாயலில் ஒரு நடிகை அங்கே வருகிறாள். படப்பிடிப்பின் நடுவே ரவியின் சித்தம் கலங்குகிறது.

வீட்டுக்கு மந்திரவாதியை அழைத்து வருகிறார்கள். பேய் ஓட்டுகிறார்கள். ரவியின் நண்பன் சீனிவாசன் அதைப் பார்த்தபடி நிற்கிறான். நாராயண் அந்தச் சடங்கைக் கேலி செய்யவில்லை. அதைப் புகழ்ந்து பாடவும் இல்லை. பிடிக்காத வேலை, பணமில்லாத வீடு, யாரிடமும் சொல்லாத ஆசை ஆகியவை ஒரு நல்ல மனிதனை எப்படி நசுக்கும் என்பதைக் காட்டினார்.

எல்லா இடத்திலும் அவர் இப்படி எழுதினார் என்று சொல்ல முடியாது. 1952இல் வந்த 'நிதி நிபுணர்' நாவலில், மகன் இறந்துவிட்டான் என்று தந்தைக்கு ஒரு பொய்க் கடிதம் வருகிறது. சித்தம் தெளியாத ஒருவர் எழுதியது அது. அந்த மனிதரின் கதையைச் சொல்லாமல், திருப்பத்துக்கு மட்டும் பயன்படுத்திக் கொண்டார். நல்ல எழுத்தாளர்களும் பழைய பாதையில் நடந்து விடுவது உண்டு.

யாதவகிரி வீடு

நாராயண் மறுமணம் செய்து கொள்ளவில்லை. மைசூர் யாதவகிரியில் வீடு கட்டினார். குக்கரஹள்ளி ஏரிக்கரையிலும் கடைத்தெருவிலும் நடந்து திரிந்தார். எதிரில் வருவோரிடம் நின்று பேசுவார். பாத்திரங்கள் அங்கிருந்துதான் கிடைத்தன.

'கைடு' நாவலுக்கு 1960ஆம் ஆண்டுக்கான சாகித்திய அகாடமி பரிசு கிடைத்தது. 1964இல் பத்மபூஷண் பட்டம் வந்தது. 1986இல் ராஜ்யசபை உறுப்பினர் ஆனார். குழந்தைகள் சுமக்கும் புத்தக மூட்டையைக் குறைக்க வேண்டும் என்று அங்கே பேசினார். 1994இல் மகள் ஹேமாவையும் இழந்தார். 2001ஆம் ஆண்டு மே 13ந் தேதி சென்னையில், 94வது வயதில் காலமானார். யாதவகிரி வீடு இப்போது நினைவு இல்லம்.

அக்டோபர் 10

நாராயணின் பிறந்த நாளான அக்டோபர் 10ந் தேதியைத்தான் 1992 முதல் உலக மனநல தினமாகக் கொண்டாடுகிறார்கள். இது தற்செயலாக அமைந்த பொருத்தம். ஆனாலும் நல்ல பொருத்தம்.

நாராயணுக்குக் கூட்டுக் குடும்பம் துணை இருந்தது. பிழைப்புக்காக ஊரை விட்டு வந்து, ஒரே அறையில் நாலு பேராகத் தங்கியிருப்பவர்களுக்கு அந்தத் துணை இல்லை. தூக்கம் கெட்டு, சாப்பாடு பிடிக்காமல், வேலையில் மனம் செல்லாமல் வாரக் கணக்கில் நீடித்தால் அதுவும் நோய்தான். அதற்கும் மருந்து உண்டு, மருத்துவர் உண்டு.

பெங்களூரில் நிம்ஹான்ஸ் மருத்துவமனை இருக்கிறது. மத்திய அரசு 2022ஆம் ஆண்டு அக்டோபர் 10ந் தேதி தொடங்கிய 'டெலி மானஸ்' சேவை இருக்கிறது. 14416 என்ற எண்ணுக்குப் போன் செய்தால் போதும். கட்டணம் கிடையாது. தமிழிலேயே பேசலாம். நாராயணின் காலத்தில் இந்த வசதி இல்லை. இன்று இருக்கிறது. அறையில் ஒருவர் பேச்சைக் குறைத்துக் கொண்டு சுருண்டு படுத்தால், பட்டப்பெயர் வைக்காமல் பக்கத்தில் உட்கார்ந்து என்னவென்று கேட்பதே நாராயணின் கதைகளைப் படித்ததற்குப் பலன்.