பெருந்தலைவரின் பெயர்

பழவேற்காட்டுக் குப்பங்களிலிருந்து கடலோரமாகவே தெற்கே சென்றால் காட்டுப்பள்ளி; அதனை அடுத்து எண்ணூர்த் துறைமுகம். 2001-இல் திறக்கப்பெற்ற அத்துறைமுகம் 2014 முதல் காமராசர் துறைமுகம் என்று பெயர் பெற்றுள்ளது. அப்பெயருக்கு உரியவரின் வாழ்வைச் சிறிது காண்போம்.

1903 சூலை 15-இல் விருதுநகரில் குமாரசாமி, சிவகாமி அம்மையார் ஆகியோரின் மகனாகப் பிறந்தார் காமராசர். இளமையிலேயே தந்தையை இழந்தார். ஆறாம் வகுப்போடு படிப்பு நின்றது. விடுதலைப் போரில் ஏறத்தாழ ஒன்பது ஆண்டுகள் சிறையில் கழிந்தன. 1954 முதல் 1963 வரை முதலமைச்சராக இருந்தார். பசித்த பிள்ளை பள்ளிக்கு வராது என்பதை அவர் நூல்களில் படித்து அறிய வேண்டியிருக்கவில்லை. 1956-இல் பகலுணவுத் திட்டம் வந்தது. தந்தையோடு வலையிழுக்கப் போக வேண்டிய பிள்ளை பலகையும் கையுமாகப் பள்ளிக்குப் போனதென்றால், அதற்கு அந்த ஒரு வேளைச் சோறும் காரணம்.

சாஸ்திரியாரையும் இந்திரா அம்மையாரையும் பிரதமராக்கியதில் அவர் பங்கு பெரிது. ஆயினும் 1967-இல் சொந்த ஊரிலேயே ஒரு மாணவர் தலைவரிடம் தோற்றார். 1969-இல் காங்கிரஸ் பிளவுபட்டது. அவர் இந்திரா அம்மையாருக்கு எதிரணியில் நின்றார். 1975-இல் வந்த நெருக்கடி நிலை அவர் மனத்தை வாட்டியது. அவ்வாண்டு அக்டோபர் 2, காந்தியடிகள் பிறந்த நாளில் மறைந்தார். சொந்தமாக ஒரு வீடு கூட இல்லை.

அதன் பிறகுதான் அவரைப் போற்றப் போட்டி தொடங்கிற்று. தேர்தலில் அவரைத் தோற்கடித்த தி.மு.க. அரசு, கிண்டியில் காந்தி மண்டபத்தருகே இடம் அளித்தது. அவர் எதிர்த்து நின்ற மத்திய அரசு 1976-இல் பாரத ரத்னா வழங்கியது. அதே ஆண்டில் தமிழகத்தில் அவர் கட்சியினரில் பெரும்பகுதியினர் இந்திரா அம்மையாரின் காங்கிரசில் இணைந்தனர். உயிரோடிருந்தால் சம்மதித்திருப்பாரா? படத்தைக் கேட்டுப் பயனில்லையே! பின்னர்க் காமராசர் ஆட்சி அமைப்போம் என்பது பல தேர்தல் மேடைகளின் முழக்கமாயிற்று. 2006-இல் அவர் பிறந்த நாள் கல்வி வளர்ச்சி நாள் ஆனது. இது ஒன்றுதான் அவருக்குப் பொருந்திய மாலை என்பேன்.

துறைமுகப் பணிகளால் கரை அரிக்கிறது, மீன்பாடு குறைகிறது என்று நம் மீனவர்கள் ஆண்டுக்கணக்காய் முறையிடுகின்றனர். அவர் கட்டாத அத்துறைமுகத்திற்கு அவர் பெயர். பிள்ளைகளுக்கு அவர் அளித்த பகலுணவோ 1982-இல் சத்துணவாக விரிந்தது. அதற்கு இன்று எம்.ஜி.ஆர். பெயர்.