காந்தியடிகள் பட்டாளத்துக்கு ஆள் தேடிய கதை

பாலாறு பிறக்கும் நந்தி மலையில் காந்தியடிகள் ஓய்வெடுத்ததைக் கர்நாடகத் தமிழர்கள் அறிவார்கள். 1927-ம் ஆண்டு ஏப்ரலில், ரத்த அழுத்தம் அதிகமாகி, மைசூர் சமஸ்தானத்தின் விருந்தினராக வந்து ஜூன் தொடக்கம் வரை அங்கே தங்கினார். அதற்கு ஒன்பது ஆண்டுகளுக்கு முன்பு அவருக்கு வந்த நோய் இதைவிடக் கடுமையானது. அந்த நோய் வந்த சூழ்நிலையைப் பற்றி மேடைகளில் அதிகம் பேசுவதில்லை. அகிம்சையைப் போதித்த அண்ணல், வெள்ளைக்காரப் பட்டாளத்துக்கு ஆள் சேர்க்க ஊர் ஊராக நடந்தார். ஜனங்கள் வர மறுத்தார்கள். அவர் களைத்துப் போய்ப் படுக்கையில் விழுந்தார்.

1869-ம் ஆண்டு அக்டோபர் 2-ந் தேதி போர்பந்தரில் பிறந்த காந்தி, லண்டனில் பாரிஸ்டர் படிப்பை முடித்து, 1893-ல் ஒரு வழக்கு விஷயமாகத் தென்னாப்பிரிக்கா போனார். 1899-ல் அங்கே போயர் யுத்தம் மூண்டது. அவருடைய மனம் போயர்கள் பக்கமே சாய்ந்தது. ஆனால் பிரிட்டிஷ் பிரஜை என்று சொல்லி உரிமை கேட்பவன், ஆபத்து நேரத்தில் ஒதுங்கி நிற்கக் கூடாது என்பது அவர் கணக்கு. ஏறத்தாழ 1,100 இந்தியர்களைத் திரட்டி, காயம்பட்டோரைத் தூக்கிச் செல்லும் படை அமைத்தார். அதில் பெரும்பாலோர் ஒப்பந்தக் கூலிகள். அவர்களில் பலர் தமிழர்கள். 1906-ல் ஜூலுக்கள் கிளர்ச்சி செய்தபோதும் டோலி தூக்கினார். சவுக்கடி பட்டு, வெள்ளையர் தொட மறுத்த ஜூலுக்களின் புண்ணைக் கழுவியது அந்தச் சிறிய படைதான். 1915-ல் சர்க்கார் அவருக்குக் கெய்சர்-இ-ஹிந்த் தங்கப் பதக்கம் கொடுத்தது.

அதுவரை தூக்கியது டோலி. 1918-ல் வந்தது துப்பாக்கி விவகாரம்.

டில்லி மாநாடு

அந்த ஆண்டு மார்ச்சில் ஜெர்மனி மேற்குப் போர்முனையில் பெருந்தாக்குதல் தொடங்கியது. பிரிட்டனுக்கு ஆள் பற்றாக்குறை. அங்கே 1916 முதலே கட்டாய ராணுவச் சேவை அமலில் இருந்தது. ஆஸ்திரேலிய மக்கள் 1916-லும் 1917-லும் வாக்களித்து அதை வேண்டாமென்று தள்ளினார்கள். இந்தியாவில் இந்தியரைக் கட்டாயமாகச் சேர்க்கும் சட்டம் இல்லை. ஆனால் பஞ்சாபில் கிராமத்துக்கு இத்தனை பேர் என்று கணக்குப் போட்டு, ஊர்த் தலைவர்களை நெருக்கி ஆள் பிடித்தார்கள். சட்டம் இல்லையே தவிர, கட்டாயம் இருந்தது.

ஏப்ரல் 27-ந் தேதி வைசிராய் செம்ஸ்போர்டு பிரபு டில்லியில் யுத்த மாநாடு கூட்டினார். திலகருக்கு அழைப்பு இல்லை. அதனால் காந்தி முதலில் தயங்கினார். பிறகு கலந்துகொண்டு, ஆள் சேர்ப்புத் தீர்மானத்தை இந்தியில் ஒரே வாக்கியத்தில் ஆதரித்தார். நெருக்கடியில் உதவினால் சுயராஜ்யம் விரைவில் வரும் என்று நம்பினார். ஆயுதச் சட்டத்தால் நிராயுதபாணிகளான ஜனங்கள் ஆயுதப் பயிற்சி பெற இது வாய்ப்பு என்றும் எண்ணினார். அச்சத்தால் அடிக்காமல் இருப்பவன் அகிம்சாவாதி ஆகமாட்டான் என்பது அவருடைய வாதம். நெருங்கிய நண்பர் ஆண்ட்ரூஸ் இதை ஏற்கவில்லை.

வண்டி கிடைக்கவில்லை

ஆள் தேட அவர் தேர்ந்தெடுத்தது குஜராத்தின் கேடா ஜில்லா. காரணம் உண்டு. விளைச்சல் பொய்த்த அந்த ஜில்லாவில் 1918 மார்ச் முதல் ஜூன் வரை வரிகொடா சத்தியாக்கிரகத்தை அவரே நடத்தி முடித்திருந்தார். மாட்டையும் பயிரையும் ஜப்தி செய்தபோதும் விவசாயிகள் அசையவில்லை. அவருக்கு அங்கே ராஜ மரியாதை.

ஜூன் 22-ந் தேதி நடியாத் நகரிலிருந்து துண்டுப் பிரசுரம் வெளியிட்டார். ஜில்லாவில் 600 கிராமங்கள். கிராமத்துக்கு 20 பேர் வீதம் 12,000 பேர் வேண்டும் என்று கேட்டார். வல்லபாய் பட்டேலும் அவருமாகக் கிராமங்களுக்குப் புறப்பட்டார்கள்.

சில வாரங்களுக்கு முன்பு இலவசமாக வண்டி கட்டிக் கொடுத்த ஊர்களில் இப்போது வாடகைக்கும் வண்டி கிடைக்கவில்லை. ஒரு தொண்டர் கேட்ட இடத்தில் இரண்டு பேர் முன்வந்த காலம் போய்விட்டது. சாப்பாடு கிடைப்பதும் சந்தேகமாகவே, பையில் உணவைக் கட்டிக்கொண்டு தினம் 20 மைல் நடந்தார்கள். கூட்டத்துக்கு வந்தவர்களும் கேள்விகளோடுதான் வந்தார்கள். அகிம்சை பேசுகிறவர் ஆயுதம் எடுக்கச் சொல்லலாமா? இந்தச் சர்க்கார் நமக்கு என்ன நன்மை செய்தது? முதலில் ஒருவரும் பெயர் கொடுக்கவில்லை. பிறகு சிலர் கொடுத்தார்கள்.

இவர்களைக் கோழைகள் என்று சொல்ல முடியாது. நேற்று மாடு போனாலும் போகட்டும் என்று நின்றவர்கள்தான். மாட்டை ஜப்தி செய்த அதே சர்க்காருக்குப் பிள்ளையைக் கொடுக்க அவர்களுக்கு மனம் ஒப்பவில்லை. மறுக்கக் கற்றுக் கொடுத்தவரிடமே மறுத்தார்கள். இந்த விஷயத்தில் விவசாயிகளின் பக்கமே நியாயம் இருந்தது என்பது நம் எண்ணம்.

நோயும் விடுதலையும்

ஆகஸ்டில் கடும் வயிற்றுக்கடுப்பு கண்டது. வேர்க்கடலையும் எலுமிச்சையுமாக உண்டு அலைந்த உடம்பு தாங்கவில்லை. மருந்தும் வேண்டாம், ஊசியும் வேண்டாம் என்றார். மரணம் நெருங்கிவிட்டதென்றே நினைத்தார். படுக்கையில் இருந்தபோது, ஜெர்மனி தோற்றது, இனி ஆள் சேர்க்க வேண்டியதில்லை என்ற செய்தியை வல்லபாய் கொண்டு வந்தார். பெரிய பாரம் இறங்கியது. பசும்பாலும் எருமைப்பாலும் அருந்துவதில்லை என்ற விரதக்காரருக்கு, 1919 தொடக்கத்தில் கஸ்தூர்பா சொன்ன யோசனைப்படி ஆட்டுப்பால் வந்தது. அவருடைய பிரசித்தி பெற்ற ஆட்டுப்பால் பழக்கம் இந்த நோயில் பிறந்ததுதான்.

அவர் படுத்திருந்த நாட்களில், 1918 செப்டம்பர் 23-ந் தேதி, நம் மைசூர் குதிரைப் படையினர் ஜோத்பூர் படையினருடன் சேர்ந்து ஹைபா நகரைப் பிடித்தார்கள். அல்சூர் பக்கத்து மெட்ராஸ் சாப்பர்ஸ் பட்டாளத்தின் தமிழ்ச் சிப்பாய்கள் மெசபடோமியாவில் ஆற்றுக்குப் பாலம் கட்டினார்கள். யுத்தத்தில் மாண்ட இந்தியச் சிப்பாய்கள் ஏறத்தாழ 74,000 பேர்.

பதிலுக்குக் கிடைத்தது ரௌலட் சட்டமும் ஜாலியன்வாலா பாக்கும். பஞ்சாப் கொடுமைகளை விசாரித்த காங்கிரஸ் குழுவில் காந்தியும் இருந்தார். 1920 மார்ச்சில் வெளிவந்த அதன் அறிக்கையை எழுதியதில் பெரும்பங்கு அவருடையது. ஆள் சேர்ப்பில் நடந்த நிர்ப்பந்தங்களும் அதில் இடம்பெற்றன. அதே ஆண்டு ஆகஸ்டில் தங்கப் பதக்கத்தைத் திருப்பி அனுப்பினார்.

1926-ல் கட்டாய ராணுவச் சேவையை உலகெங்கும் ஒழிக்கக் கோரி ஒரு பிரகடனம் வெளிவந்தது. ஐன்ஸ்டீன், ரோமன் ரோலந்து, தாகூர் ஆகியோருடன் காந்தியும் கையெழுத்திட்டார். நந்தி மலைக்கு வந்தது அதற்கு அடுத்த ஆண்டு. 1928-ல் பார்ட் டி லிக்ட் என்ற டச்சு யுத்த எதிர்ப்பாளர், பழைய யுத்த சேவையைப் பற்றிப் பகிரங்கமாகவே கேட்டார். அகிம்சைத் தராசில் அது குற்றமே என்று காந்தி ஒப்புக்கொண்டார். அன்றைய நிலையில் தனக்கு வேறு வழி தெரியவில்லை என்றும் சொன்னார்.

அடுத்த யுத்தத்தில் வழி தெரிந்திருந்தது. 1940 அக்டோபர் 17-ந் தேதி, பிரிட்டிஷ் யுத்தத்துக்கு ஆளோ பணமோ கொடுப்பது தவறு என்று பேசி வினோபா பாவே தனிநபர் சத்தியாக்கிரகத்தைத் தொடங்கினார். இருபதாயிரத்துக்கும் மேற்பட்டோர் சிறை சென்றார்கள். டிசம்பரில் ராஜாஜி கைதானார். யுத்த நிதியை எதிர்த்துப் பேசிய காமராஜர், பாலாற்றங்கரையிலுள்ள வேலூர்ச் சிறைக்குப் போனார். உள்ளே இருந்தபோதே விருதுநகர் நகராட்சித் தலைவராகத் தேர்ந்தெடுக்கப்பட்டு, விடுதலையானதும் அந்தப் பதவியை ராஜினாமா செய்தார்.

கட்டாயச் சட்டம் அப்போதும் இந்தியாவுக்கு வரவில்லை. ஆனால் வறுமை நாடெங்கும் இருந்தது. 1945-க்குள் பட்டாளத்தில் சேர்ந்தவர்கள் சுமார் 25 லட்சம் பேர்.