சிரிப்பால் வாதிட்டவர்

நாஞ்சில் நாட்டின் ஒழுகினசேரியில் 1908ஆம் ஆண்டு எளிய குடும்பமொன்றில் பிறந்தவர் என்.எஸ்.கிருஷ்ணன். வறுமை அவரது பள்ளிப்படிப்பைத் தொடக்க நிலையிலேயே நிறுத்தியது. டென்னிஸ் திடலில் பந்து பொறுக்கிப் போட்டும், நாடகக் கொட்டகையில் தின்பண்டம் விற்றும் பொருளீட்டிய அச்சிறுவர், பின்னர் வில்லுப்பாட்டிலும் நாடகத்திலும் தேர்ந்தார். 1936இல் வெளிவந்த ‘சதிலீலாவதி’ திரைப்படத்தில் அவர் நடித்தார்.

சாதி, தீண்டாமை, மூடநம்பிக்கை ஆகியவற்றை வெளிப்படையாகப் பேசினால் பகை மூளும் காலம் அது. கடுஞ்சொல் கேட்டால் மாற்றுக் கருத்துடையோர் அவையைவிட்டு எழுந்து செல்வர். கிருஷ்ணனோ அவர்களையும் சிரிக்க வைத்து, இறுதிவரை அமர்ந்து கேட்கச் செய்தார். திரையில் வாழ்க்கைத் துணைவியார் டி.ஏ.மதுரமும் அவருக்கு இணையாக நின்றார்.

1944ஆம் ஆண்டு, புகழின் உச்சியில் இருந்தபோது, இலட்சுமிகாந்தன் கொலைவழக்கில் அவர் கைதானார். ஆயுள்தண்டனை விதிக்கப்பட்டது. இலண்டன் பிரிவி கவுன்சில்வரை சென்ற வழக்கு, 1947இல் அவரது விடுதலையில் முடிந்தது. இரண்டாண்டுகளுக்கு மேல் சிறையில் இருந்து மீண்டபின்னும் அவரது நகைச்சுவையில் கசப்பு ஏறவில்லை. சமூக அக்கறையும் குறையவில்லை.

அதற்குச் சான்று ‘கிந்தனார்’. கோபாலகிருஷ்ண பாரதியார் இயற்றிய நந்தனார் சரித்திரம் கதாகாலட்சேபமாகப் பெரிதும் போற்றப்பட்டு வந்தது. தில்லையைக் காணத் துடித்த நந்தனுக்காக உருகியோருள், தம் ஊரில் ஒடுக்கப்பட்டோரின் பிள்ளைகளுக்குக் கல்வி மறுக்கப்படுவதைக் கண்டும் காணாதவர்களும் இருந்தனர். கிருஷ்ணன் அதே கதாகாலட்சேப வடிவத்தைக் கையிலெடுத்தார். அவர் படைத்த கிந்தன் ஏங்கியது கல்விக்காக. பள்ளியில் இழிவுக்கு ஆளான அவன், இரயிலேறிப் பட்டணம் சென்று படித்து, கல்வி அதிகாரியாகத் திரும்புகிறான். இங்குப் பக்தி எள்ளப்படவில்லை. கோயில் வாயிலில் நின்ற ஏக்கம் பள்ளி வாயிலுக்கு வந்து நிற்கிறது. நந்தனுக்காகக் கண்ணீர் விட்டவர் கிந்தனுக்கு மட்டும் கதவடைப்பது எவ்வாறு? சிரிப்பினூடே எழும் இவ்வினாவுக்கு விடைசொல்லாமல் தப்ப இயலாது.

அறிஞர் அண்ணாவின் எழுத்தில் 1949இல் வெளிவந்த ‘நல்லதம்பி’ திரைப்படத்தில் ‘கிந்தனார்’ இடம்பெற்றது. மதுவிலக்கையும் அப்படம் வலியுறுத்தியது.

கலைவாணர் என்று போற்றப்பட்ட கிருஷ்ணன், 49 வயது நிறைவதற்குள் 1957இல் மறைந்தார். தனிமனிதரைக் காயப்படுத்தாமல் தவறான வழக்கத்தை நகைப்புக்கு உள்ளாக்கியதே அவர் கைக்கொண்ட வாதமுறை. படிப்பை இடையில் இழந்த ஒருவர், மற்றவர்க்குப் பள்ளிக்கதவு திறக்க வாதிட்டார். அவ்வாதம் கேட்டோர் செவிகளில் சிரிப்பொலியாகவே நுழைந்தது.