கட்டலின் கராதி: நகைகளைக் கொடுத்து குழந்தைகளின் உயிரை மீட்ட ஹங்கேரி நடிகை

1944-ம் ஆண்டின் கடைசி மாதங்கள். ஹங்கேரி தலைநகர் புடாபெஸ்ட்டில், டான்யூப் நதிக்கரையில் யூதர்களை நிறுத்திச் சுட்டுத் தள்ளிக்கொண்டிருந்தார்கள். அங்கே கொண்டுவரப்பட்ட குழந்தைகள் சிலரை, தன் நகைகளைக் கொடுத்து மீட்டு வீட்டுக்கு அழைத்துப்போனார் ஒரு பெண். அவர் முகம் தெரியாதவர்கள் அந்த ஊரில் இருந்திருக்க முடியாது. காரணம், அவர் நாட்டின் முன்னணி சினிமா ஸ்டார். யார் இந்த கட்டலின் கராதி?

முதல் படமே ஹிட்

1910 டிசம்பர் 8-ல் புடாபெஸ்ட்டில், செருப்புத் தைக்கும் தொழிலாளி ஒருவரின் ஏழாவது குழந்தையாகப் பிறந்தார். வீட்டில் வறுமை. ‘கராதி’ என்பது பின்னாளில் ஒரு பத்திரிகையாளர் வைத்த பெயர்.

1939-ல் லாஸ்லோ கல்மார் இயக்கிய ‘ஹலாலோஷ் தவஸ்’ (உயிர் பறிக்கும் வசந்தம்) படத்தில் அறிமுகமானார். ஒரே படத்தில் உச்சம்! அழுது வடியும் கதாநாயகிகளுக்கு நடுவே, ஆண்களை ஆட்டிவைக்கும் பெண்ணாக வந்து நின்றார். கனமான, கரகரப்பான குரலில் அவர் பாடிய பாட்டுகளும் பிரபலம். அடுத்த ஐந்தே ஆண்டுகளில் சுமார் 20 படங்கள்.

கைதும் சித்திரவதையும்

ஹங்கேரி ராணுவ உளவுத்துறையின் முக்கிய அதிகாரியான இஷ்த்வான் உய்சாசியுடன் கராதிக்குக் காதல். அதுவே ஆபத்தாகவும் ஆனது. 1944 மார்ச்சில் ஜெர்மனி ஹங்கேரியை ஆக்கிரமித்தது. அடுத்த மாதமே நேச நாடுகளுக்கு உளவு பார்த்ததாகச் சந்தேகித்து கராதியைப் பிடித்துப்போனது கெஸ்டபோ. மாதக்கணக்கில் காவல், அடி, சித்திரவதை.

விடுதலையான பிறகு அவர் ஒதுங்கி இருந்திருக்கலாம். யாரும் குறை சொல்லியிருக்க மாட்டார்கள். ஆனால் அக்டோபரில் ‘அம்புச் சிலுவை’ என்ற ஹங்கேரி நாஜிக் கட்சி ஆட்சியைப் பிடித்து, யூதர்கள் மீதான கொலைவெறி உச்சத்துக்குப் போனபோதுதான், கராதி அந்த நதிக்கரைக்குப் போனார். மீட்ட குழந்தைகளைப் போர் முடியும்வரை தன் வீட்டிலேயே மறைத்து வைத்துக் காப்பாற்றினார். மாட்டியிருந்தால் மறுபடி சிறை, அல்லது அதே நதிக்கரை.

தொப்பி தைத்த ஸ்டார்

போர் முடிந்தும் நிம்மதி இல்லை. உய்சாசி சோவியத் படையிடம் சிக்கினார். பிறகு என்ன ஆனார் என்பதே மர்மம். கம்யூனிஸ்ட் ஆட்சியில் கராதியின் படங்களுக்குத் தடை. வாய்ப்புகள் வற்றிப்போக, 1951-ல் ரகசியமாக எல்லை தாண்டினார். சில ஆண்டுகளில் பிரேசிலின் சாவோ பாலோ போய்ச் சேர்ந்து, பெண்களுக்கான தொப்பிக் கடை வைத்தார். 1968-ல் நியூயார்க். அங்கேயும் அதே தொப்பித் தொழில். சினிமா பக்கம் திரும்பவே இல்லை.

70-வது பிறந்தநாளுக்கு ஹங்கேரியிலிருந்து அழைப்பு வந்தது. அவர் போகவில்லை, தனக்குப் பதிலாக ஒரு தொப்பியை மட்டும் அனுப்பிவைத்தார்.

தாமதமாக வந்த மரியாதை

கம்யூனிஸ்ட் ஆட்சி முடிவுக்கு வந்த சில மாதங்களில், 1990 பிப்ரவரி 8-ல் நியூயார்க்கில் காலமானார். உடல் புடாபெஸ்ட்டுக்குக் கொண்டுவரப்பட்டு அடக்கம் செய்யப்பட்டது. கிட்டத்தட்ட 40 ஆண்டுகள் கழித்து ஊர் திரும்பினார், உயிரில்லாமல்.

யூதர்களைக் காப்பாற்றிய பிற சமூகத்தினருக்கு இஸ்ரேலின் யாத் வாஷெம் நினைவகம் தரும் ‘உலக நாடுகளின் நேர்மையாளர்’ கௌரவம் 2004-ல் அவருக்குக் கிடைத்தது. அது அவர் நடித்த படங்களுக்காக அல்ல; கேமரா இல்லாத அந்த நதிக்கரையில் அவர் செய்த காரியத்துக்காக.