அளவுகோலில் அடங்காத மேதை

1910-ஆம் ஆண்டின் பிற்பகுதி. கும்பகோணத்திலிருந்து புறப்பட்ட 22 வயது வாலிபர் ஒருவர் விழுப்புரம் மார்க்கமாகத் திருக்கோயிலூருக்குப் பிரயாணமானார். கையில் ஒரு நோட்டுப் புத்தகம். நாடிச் சென்றதோ குமாஸ்தா வேலை. அவர்தாம் ஸ்ரீநிவாச ராமானுஜன்.

1887 டிசம்பர் 22-ல் ஈரோட்டில் பிறந்து, கும்பகோணத்தில் வளர்ந்தவர். 1897-ல் பிரைமரி பரீட்சையில் தஞ்சை ஜில்லாவிலேயே முதலாவதாகத் தேறினார். 1904-ல் உபகாரச் சம்பளத்துடன் கும்பகோணம் அரசினர் கல்லூரியில் சேர்ந்தார். ஆனால் கணிதப் பித்து மற்றப் பாடங்களை விழுங்கிவிட்டது. உபகாரச் சம்பளம் பறிபோயிற்று. பிறகு சென்னைப் பச்சையப்பன் கல்லூரியில் சேர்ந்தும் எஃப்.ஏ. பரீட்சையில் அவர் தேறவே இல்லை.

அதே 1904-ல் இங்கிலாந்தின் மனோதத்துவ அறிஞர் சார்லஸ் ஸ்பியர்மன் ஒரு கொள்கையை வெளியிட்டார். ஒரு பாடத்தில் சிறந்த பிள்ளைகள் பெரும்பாலும் மற்றப் பாடங்களிலும் சிறந்திருப்பதை அவர் மதிப்பெண்களைக் கொண்டு கணக்கிட்டார். எல்லாவற்றுக்கும் அடியில் பொது அறிவுத்திறன் ஒன்று உண்டு. அதற்கு மேல் துறைதோறும் தனித்திறனும் உண்டு என்பது அவர் முடிவு. மறு ஆண்டே பாரிஸில் பினே, சிமோன் இருவரும், படிப்பில் பின்தங்கும் குழந்தைகளைக் கண்டறிய அறிவுச் சோதனை ஒன்றை வகுத்தனர்.

எஃப்.ஏ. பரீட்சையோ எல்லாப் பாடங்களிலும் தேறியவரையே ஏற்றது. தனித்திறனுக்கு அங்கே வாசல் இல்லை.

அந்த வாசல் திருக்கோயிலூரில் திறந்தது. அங்கே டெபுடி கலெக்டராக இருந்த வி. ராமஸ்வாமி ஐயர், 1907-ல் இந்தியக் கணிதச் சங்கத்தைத் தோற்றுவித்தவர். நோட்டுப் புத்தகத்தைப் புரட்டிய அவர், இந்த மேதையைத் தாலுகா ஆபீஸில் முடக்கலாகாது என்று கருதி, சென்னை நண்பர்களுக்குக் கடிதம் கொடுத்தனுப்பினார். விழுப்புரம், திண்டிவனம் வழியே சென்னைக்குச் செல்லும் ரயில் பாதையே ராமானுஜனின் வாழ்க்கைப் பாதையும் ஆயிற்று.

கலெக்டர் ராமச்சந்திர ராவ் மாதம் 25 ரூபாய் உதவினார். 1912-ல் சென்னைத் துறைமுகத்தில் 30 ரூபாய்ச் சம்பளம். 1913-ல் கேம்பிரிட்ஜ் கணித அறிஞர் ஹார்டிக்குக் கடிதம். 1914-ல் கப்பல் பிரயாணம். 1918-ல் ராயல் சொசைட்டி அங்கத்தினர் பதவி. 1920 ஏப்ரல் 26-ல், 32-ஆம் வயதில், அவர் காலமானார்.

கணிதத் திறமைக்கு ஹார்டியும் மார்க்குப் போட்டதுண்டு. தமக்கு 25, லிட்டில்வுட்டுக்கு 30, ஹில்பர்ட்டுக்கு 80, ராமானுஜனுக்கு 100!

ஸ்பியர்மனின் கணக்கு பொய்யல்ல. அது ஆயிரம் பேரின் சராசரியைச் சொல்லும். தனி ஒருவனின் தலைவிதியைச் சொல்லாது. அதை அறிய, அவனுடைய நோட்டுப் புத்தகத்தைப் பிரித்துப் படிக்க ஒருவர் வேண்டும்.