வியப்பும் சான்றும் – இராபர்ட் ரிப்ளியின் வாழ்வு

வியப்பூட்டும் செய்தியைச் சொல்வார் பலர். அதற்குச் சான்று காட்டுவார் சிலரே. அச்சிலருள் ஒருவராகப் புகழ்பெற்ற அமெரிக்க ஓவியர் இராபர்ட் ரிப்ளியின் வாழ்வை ஈண்டுச் சுருங்கக் காண்போம்.

கலிபோர்னியாவின் சான்டா ரோசா நகரில் 1890-இல் பிறந்த ரிப்ளி, இளமையிலேயே தந்தையை இழந்தார். பள்ளிக் கல்வியும் பாதியில் நின்றது. முன்தள்ளிய பற்களும் திக்கும் நாவும் கொண்ட அவருக்கு ஓவியமே பேச்சாயிற்று. நியூயார்க் நாளிதழ் ஒன்றில் விளையாட்டுப் படங்கள் வரைந்து வந்த அவர், 1918 டிசம்பரில் விளையாட்டுலக விந்தைகளை ஒரே படத்தில் தொகுத்தளித்தார். 'நம்பினால் நம்புங்கள்' என்னும் தொடருக்கு அதுவே வித்தாயிற்று.

1930 முதல் 1932 வரை வைட்டாபோன் நிறுவனம் அவ்விந்தைகளைக் குறும்படங்களாக வெளியிட்டது. அவற்றில் ரிப்ளியே தோன்றி, படம் வரைந்து காட்டி, உலகின் புதுமைகளை விளக்கினார். நாலுபேர் முன் பேசக் கூசியவர் பேசும் படத்தில் பேசினார் என்பதும் ஒரு விந்தையன்றோ!

அட்லாண்டிக் கடலை 1927-இல் இடைநில்லாது தனியே பறந்து கடந்த லிண்ட்பர்கை, அவ்வாறு கடந்தோருள் 67-ஆவது மனிதர் என்று ரிப்ளி குறித்தபோது வாசகர்கள் வெகுண்டனர். 1919-இல் ஒரு விமானத்தில் இருவரும், அதே ஆண்டு ஒரு வான்கப்பலில் 31 பேரும், 1924-இல் மற்றொரு வான்கப்பலில் 33 பேரும் முன்னரே கடந்திருந்தனர். கூட்டிப் பார்த்தவர்கள் வாயடைத்துப் போயினர். அமெரிக்காவிற்குச் சட்டப்படியான நாட்டுப்பண் இல்லை என்று அவர் 1929-இல் எடுத்துக்காட்டினார். அதனால் எழுந்த கிளர்ச்சியும் துணைநிற்க, 1931 மார்ச்சில் அதற்கான சட்டம் பிறந்தது.

இச்சான்றுகளுக்குப் பின்னே ஒருவர் இருந்தார். பன்மொழி வல்லவரான நார்பர்ட் பெர்ல்ராத், 1923 முதல் ரிப்ளிக்குத் துணையாகி, நியூயார்க் பொது நூலகத்தில் நாள்தோறும் அமர்ந்து செய்தி திரட்டினார். புகழோ ரிப்ளிக்கே உரியதாயிற்று. உடற்குறையுடையோரைக் காட்சிப் பொருளாக்கியதும் ரிப்ளியின் வாழ்வில் நாம் மறைத்தற்கியலாத குறையாகும்.

1949 மே 27-இல் ரிப்ளி மறைந்தார். பெர்ல்ராத்தோ 1975 வரை அந்நூலகப் பணியைத் தொடர்ந்தார். கேட்டவுடன் நம்புதலும் கேளாமலே மறுத்தலும் கல்வியாகா. ஆராய்ந்து தெளிதலே கல்வியாம். ரிப்ளியைப் போற்றும் நாம், நூலகத்தின் மூலையில் அமர்ந்திருந்த அம்மனிதரையும் மறவாதிருப்போமாக. மாணவச் செல்வங்களே, நம் கல்லூரி நூலகத்திலும் அத்தகைய இருக்கைகள் உங்களுக்காகக் காத்திருக்கின்றன.